வெளியே வரச் சொன்னவர்

அத்தான் விளையாடுவதை நான் முதன்முதலாகப் பார்த்த நாளில் மழை தூறிக்கொண்டிருந்தது. நோபல் பார்க்கில் இருந்த எங்கள் வீட்டிலிருந்து காரில் கொஞ்சத் தூரம் போனால் வரும் ஒரு மாநகரசபை மைதானம். பார்வையாளர்கள் என்று சொல்ல, விளையாடுபவர்களின் காதலிகளும் தாய்மாரும், நாயோடு நடக்க வந்து நின்றுவிட்ட ஒரு கிழவரும்தான். அக்காவுக்கும் அவருக்கும் கலியாணம் என்று வீட்டில் பேசி முடித்திருந்த நேரம். "மாப்பிள்ளை என்னதான் விளையாடுறார் எண்டு ஒருக்காப் பாத்திட்டு வருவம்" என்று அப்பா குடையோடு புறப்பட, பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்த நானும் ஒட்டிக்கொண்டேன். அது எங்கள் ஆட்களின் உதைபந்தாட்டமும் இல்லை, இந்த நாட்டுக்காரர் உயிரை விடும், முட்டைப் பந்தை உதைத்தும் பிடித்தும் ஆடும் ஃபுட்டியும் இல்லை. அமெரிக்கர்களின் புட்போல். தோளில் பலகை வைத்துக் கட்டியது போன்ற கவசமும் முகத்துக்குக் கம்பி போட்ட ஹெல்மெட்டுமாக ஆட்கள் இரண்டு வரிசையாக நின்று முட்டிக்கொண்டார்கள், விழுந்தார்கள், எழுந்து வட்டமாகக் கூடிக் குசுகுசுத்தார்கள், திரும்பவும் முட்டிக்கொண்டார்கள். "இது விளையாட்டோ, நிர்வாகசபைக் கூட்டமோ?" என்றார் அப்பா.

அந்த வட்டத்தின் நடுவில் நின்று மற்றவர்களுக்கு என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்தான் அத்தான். குவாட்டர்பேக் என்பது அந்த இடத்தின் பெயர். பந்து முதலில் அவர் கைக்கு வரும். அவர் நாலடி பின்வாங்கி நின்று, தூரத்தில் ஓடிக்கொண்டிருக்கும் தன் ஆளைக் கண்டுபிடித்து எறிய வேண்டும். அதற்குள் அவரை வீழ்த்துவதற்காக மாடு மாதிரி ஆட்கள் பாய்ந்து வருவார்கள். கெட்டிக்காரன் வருகிறவனைப் பார்க்க மாட்டான், தூரத்தில் போகிறவனைத்தான் பார்ப்பான் என்று பிறகொரு நாள் அத்தான் எனக்கு விளக்கினார். அன்றைக்கு அவர் அப்படித்தான் நின்றார். பந்து கையை விட்டுப் போனது. அடுத்த கணம் ஒருவன் அவரை இடுப்போடு அள்ளித் தரையில் அடித்தான். ஹெல்மெட் நிலத்தில் மோதிய சத்தம் மழைக்குள்ளாலும் கேட்டது. அவர் எழும்பினார், கையைத் தட்டினார், விறுவிறென்று நடந்துபோய் எதிரணியின் வட்டத்துக்குள் புகுந்து நின்றார். ஒரு நொடி எல்லோரும் திகைத்து, பிறகு இரண்டு அணிகளும் சேர்ந்து சிரித்தன. அப்பா குடை ஆட ஆடச் சிரித்தார். நானும்தான். யாரோ அவருடைய தோளைப் பிடித்துத் திருப்பி அனுப்பினார்கள். அவர் அடுத்த பந்தையும் எறிந்தார், அதற்கடுத்ததையும் எறிந்தார். கலியாண வரவேற்பில் அவருடைய தோழன் மைக்கைப் பிடித்து அந்தக் கதையைச் சொன்னபோது மண்டபமே சிரித்தது. மாப்பிள்ளைக் கோலத்தில் அத்தானும் தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தார். பிறகு என் காதருகே குனிந்து, "எனக்கு அது ஞாபகமே இல்லை, மச்சாள்" என்றார். அதையும் நான் பகிடி என்றே எடுத்துக்கொண்டேன்.

அவர் மன்னார்ப் பக்கம். பத்து வயதளவில் தாய் தகப்பனோடு இங்கே வந்தவர். பள்ளிக்கூடத்தில் கிரிக்கெட் விளையாடியபோது எல்லைக் கோட்டிலிருந்து அவர் எறியும் பந்து விக்கெட்டுக்கு நேரே வரும் என்று சொல்வார்கள். அந்தக் கையைப் பார்த்துத்தான் யாரோ அவரை இந்த விளையாட்டுக்கு இழுத்துப்போனார்கள். சம்பளம் கிடையாது, பத்திரிகையில் பெயர் வராது. வார நாட்களில் எலக்ட்ரீஷியனாக வேலை செய்வார், வார இறுதியில் விழுந்து எழும்புவார். வீட்டுக்கு வந்தால் குசினிக்குள் நின்று அக்காவோடு வெங்காயம் வெட்டுவார். சத்தம் போட்டுப் பேசத் தெரியாத மனிதர். மைதானத்தில் மட்டும் அவருடைய குரல் அந்தத் தொங்கல் வரை கேட்கும். "அங்க எடுத்த சத்தத்தில கொஞ்சம் வீட்டை கொண்டு வந்தா நல்லது, கூப்பிட்டா ஆள் எங்க எண்டு தெரியுதில்லை" என்று அக்கா பகிடி பண்ணுவாள். பின்னாளில் அந்தச் சத்தம் வீட்டுக்கு வந்தபோது அவள் அதை எப்படித் தாங்கினாளோ தெரியாது.

முப்பது தாண்டி, முழங்கால் வலிக்கிறது என்று அவர் விளையாட்டை விட்டார். மகள் பிறந்திருந்தாள். எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. அல்லது போனது என்று நினைத்தோம். முதலில் வெளிச்சம்தான். சாப்பாட்டு அறை விளக்கைப் போட்டால் கண்ணைப் பொத்துவார். பிறந்தநாள் வீடுகளுக்குப் போனால் பாட்டுச் சத்தம் தாங்காமல் காருக்குள் போய் இருப்பார். பிறகு சின்னச் சின்னக் கோபங்கள். ஒருநாள் சோற்றுக் கோப்பையைச் சுவரில் எறிந்துவிட்டு, கறி வழிந்த சுவரை மற்றவர்களைப் போலவே தானும் வியப்போடு பார்த்துக்கொண்டு நின்றாராம். ஊர் தனக்குத் தெரிந்த விளக்கத்தைக் கொடுத்தது. "ஆள் இப்ப போத்திலும் கையும்தானாம்" என்றார்கள். அத்தான் குடிப்பதே இல்லை. மாமி, அதாவது அவருடைய தாய், மகனுக்குக் கண்ணூறு பட்டுவிட்டது என்று மாதாவுக்கு மெழுகுவர்த்தி கொளுத்தினார். அக்கா யாருக்கும் ஒன்றும் சொல்லவில்லை. சுவரைத் துடைத்துவிட்டு வேலைக்குப் போனாள்.

விஷயத்தை வெளியே கொண்டுவந்தது அவர்களுடைய மகள்தான். அப்போது அவளுக்கு ஐந்து வயது இருக்கும். நீச்சல் வகுப்புக்குத் தகப்பன்தான் காரில் கூட்டிப்போவார். ஒருநாள் நான் அவர்களுடைய வீட்டில் இருந்தபோது அவள் சாவகாசமாகச் சொன்னாள்.

"டாடியும் நானும் கேம் விளையாடுறனாங்கள். நான் லெஃப்ட் எண்டா டாடி லெஃப்ட் போவார். ரைட் எண்டா ரைட்."

"அது என்ன கேம்?" என்றாள் அக்கா.

"டாடிக்கு ரோட் தெரியாது. ரவுண்டபவுட்டில நிண்டிட்டார். எல்லாரும் ஹோர்ன் அடிச்சவை. நான்தான் சொன்னனான், டாட், லெஃப்ட் எண்டு."

அத்தான் மறுக்கவில்லை. கதிரையில் இருந்தபடி தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாதக்கணக்காக அப்படித்தான் ஓட்டியிருக்கிறார். ஒவ்வொரு நாளும் போகும் வழி சில வேளைகளில் முழுதாக அழிந்துபோகுமாம், வெள்ளைக் கடதாசி மாதிரி. அன்றே அவர் கார்ச் சாவியை அக்காவின் கையில் கொடுத்தார். அடுத்த கிழமை வேலையையும் விட்டார். யாரும் போகச் சொல்லவில்லை. "மெயின் சுவிட்ச நிப்பாட்டினனானோ இல்லையோ எண்டு எனக்கே நிச்சயமில்லாமக் கிடக்கு. இன்னொருத்தன்ர உயிரோட நான் விளையாடேலாது" என்றார். அவர் தன் தொழிலை எவ்வளவு நேசித்தவர் என்று எனக்குத் தெரியும். சொன்ன குரலில் ஒரு நடுக்கமும் இருக்கவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

நான் அப்போது வைத்தியசாலைகளில் தமிழ் மொழிபெயர்ப்பாளராக வேலை தொடங்கியிருந்தேன். அக்காவுக்கும் அத்தானுக்கும் ஆங்கிலத்துக்கு என் உதவி தேவையில்லை. ஆனாலும் மூளை நிபுணரைப் பார்க்கப் போகும்போது அக்கா என்னையும் வரச் சொன்னாள். முதலில் பார்த்த குடும்ப வைத்தியர் மன அழுத்தம் என்று சொல்லி அனுப்பியிருந்தார். இந்த நிபுணர் ஒரு நடுத்தர வயதுப் பெண். தலையை எடுத்த ஸ்கான் படங்களை எல்லாம் பார்த்துவிட்டு ஒரேயொரு கேள்வி கேட்டார்: எத்தனை தரம் தலையில் அடிபட்டிருக்கிறது? அத்தான் ஒரு விரலை மடக்கினார், இன்னொன்றை மடக்கினார், பிறகு இரண்டு கைகளையும் விரித்து மடியில் வைத்துக்கொண்டார். மயக்கம் போட்ட அடிகளை மட்டுமா, எழும்பி நின்று தொடர்ந்து விளையாடிய அடிகளையுமா என்று திருப்பிக் கேட்டார். எல்லாம்தான் என்றார் நிபுணர். உறுதியாகச் சொல்ல முடியாது, ஆனால் அடி மேல் அடி பட்டதன் விளைவாக இருக்கலாம் என்றார். மாற்ற மருந்து இல்லை, இதோடு வாழப் பழகலாம், இனி ஒரு அடியும் படக்கூடாது. வைத்தியசாலைக் கார்த் தரிப்பிடத்தில் அக்கா தூணைப் பிடித்துக்கொண்டு அழுதாள். ஆறுதல் சொல்லப் போன என்னிடம், "விடடி. இந்தக் கோவமெல்லாம் அவர் இல்லையெண்டு எனக்குத் தெரியும். இண்டைக்குத்தான் ஒரு ஆள் அதைச் சொன்னது" என்றாள். அந்த மழை நாள் எனக்கு நினைவுக்கு வந்தது அப்போதுதான். எதிரணிக்குள் போய் நின்ற அந்த மனிதரைப் பார்த்து நாங்கள் எல்லோரும் எவ்வளவு சந்தோஷமாகச் சிரித்தோம்.

வேலை போய், கார் போய், வீட்டுக்குள் திரைச்சீலையை இழுத்து விட்டுக்கொண்டு அவர் கிடந்த மாதங்களைப் பற்றி எழுத என்னிடம் அதிகம் இல்லை. ஒருநாள் காலையில் எழுந்து, தன் பழைய கழகத்துக்குக் கூட்டிப்போகும்படி அக்காவைக் கேட்டிருக்கிறார். பயிற்சி நடந்துகொண்டிருந்ததாம். புதிய குவாட்டர்பேக் ஒரு வெள்ளைக்காரப் பெடியன், விழுந்து எழும்பித் தலையை உதறிக்கொண்டு நின்றான். பயிற்றுநர் 'நல்ல பெடியன்' என்று கை தட்டினார். அத்தான் அன்று தொடங்கியதுதான். தலையில் அடிபட்டால் அன்றைக்கு அவ்வளவுதான், வெளியே வர வேண்டும். திரும்பிப் போகலாமா இல்லையா என்பதை விளையாடுபவனும் முடிவு செய்யக்கூடாது, பயிற்றுநரும் செய்யக்கூடாது. வெற்றி தோல்வியில் பங்கில்லாத ஒருவர் கோட்டோரம் நின்று முடிவு செய்ய வேண்டும். அவர் கேட்டதெல்லாம் இவ்வளவுதான். அதற்காகக் கழகம் கழகமாக, பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போனார். சிட்னிக்கும் போய்ப் பேசினார். சில இடங்களில் மரியாதையாகக் கேட்டார்கள். பல இடங்களில், பழைய வீரன் ஒருவன் கசப்பில் பேசுகிறான் என்பது மாதிரி கைகுலுக்கி அனுப்பினார்கள். கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, இடையில் சொல் மறந்துபோனால் அப்படியே நின்று, அது வரும்வரை காத்திருந்து பேசுவார். ஆட்கள் நெளிவார்கள். அவர் நெளிய மாட்டார். பாய்ந்து வருகிறவனைப் பார்க்காமல் நிற்க அவருக்கு ஏற்கெனவே தெரியும்.

எங்கள் ஆட்களிடமும் பேச வேண்டும் என்று அவர் நினைத்தபோதுதான் என்னைத் தேடி வந்தார். "கன்கஷனுக்குத் தமிழ் என்ன, மச்சாள்?" மூளை அதிர்ச்சி என்றேன். அவர் யோசித்தார். "அதிர்ச்சி எண்டா ஏதோ கெட்ட செய்தி கேட்ட மாதிரி இருக்கு. கரண்ட் பிடிச்ச மாதிரியும் இருக்கு. அது எனக்கு விளங்கும், மற்றவைக்கு?" மூளைக் காயம் என்றேன். காயம் என்றால் இரத்தம் எங்கே என்று கேட்பார்கள் என்றார். நான் வேலையில் சொல்லிப் பழகிய சொற்களை ஒவ்வொன்றாக எடுத்து வைக்க, அவர் ஒவ்வொன்றாகத் தள்ளினார். கடைசியில் அவரே கேட்டார்: "குலுங்கினது எண்டு சொல்லுறதில்லையோ? பஸ்ஸில குலுங்கினது மாதிரி? மூளை குலுங்கிப்போச்சு." அதுதான் சொல். பத்து வயதில் ஊரை விட்டு வந்தவரின் வாயிலிருந்து வந்தது. இன்றுவரை அந்தச் சொல்லைத்தான் நான் வைத்தியசாலையிலும் பயன்படுத்துகிறேன். யாரும் திருப்பிக் கேட்டதில்லை.

தமிழ்ப் பூசை முடிந்த பிறகு தேவாலய மண்டபத்தில் கூட்டம். வடையும் தேநீரும் உண்டு என்பதால் ஆட்கள் நின்றார்கள். அத்தான் ஒரு பிளாஸ்டிக் பெட்டி நிறையச் சிவப்பு ஜெலி கொண்டுபோயிருந்தார். "இந்தப் பெட்டிதான் மண்டையோடு. இதுக்குள்ள இருக்கிறது மூளை" என்று சொல்லி, அதை இன்னொரு தடித்த பெட்டிக்குள் வைத்து, "இது ஹெல்மெட்" என்று மூடி, ஒரு குலுக்குக் குலுக்கினார். "வெளிப் பெட்டிக்கு ஒண்டுமில்லை. உள்பெட்டிக்கும் ஒண்டுமில்லை. இப்ப திறந்து பாருங்கோ." ஜெலி சிதறிக் கிடந்தது. அதைச் சாப்பிடலாமா என்று ஒரு பிள்ளை கேட்டதும் எல்லோரும் சிரித்தார்கள். முன்வரிசையிலிருந்த ஒரு அங்கிள் எழும்பி, "அப்ப பிள்ளையள் விளையாடாம வீட்டுக்குள்ளயே கிடக்கட்டும் எண்டுறீரோ?" என்றார். "இல்லை அங்கிள், விளையாடட்டும். நல்லா விளையாடட்டும். அடிபட்டா வெளிய வரட்டும்" என்றார் அத்தான். பிறகு, தன்னைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார். வழி மறந்தது, வேலையை விட்டது, சுவரில் கோப்பையை எறிந்தது, மனுசியை நோக்கிக் கத்தியது, அவள் குசினி மூலையில் நின்று அழுதது. பெண்கள் தலையைத் திருப்பி அக்காவைத் தேடினார்கள். அக்கா தேநீர்க் கோப்பையை மேசையில் வைத்துவிட்டு வெளியே போனாள்.

நான் பின்னால் ஓடினேன். கூட்டம் முடிந்து அத்தான் காரடிக்கு வந்ததும் அவள் சொன்னதை நான் மறக்கவில்லை. "உங்கட தலை உங்கட. அதைப் பற்றி ஆருக்கும் சொல்லுங்கோ. ஆனா நான் அழுதது என்ர. அதை எடுத்து மேடையில வைக்க உங்களுக்கு ஆர் சொன்னது?" அவர் "நீ சொல்லுறது சரி" என்றார். அதற்குப் பிறகு எந்த மேடையிலும் அவர் வீட்டுக் கதையைச் சொல்லவில்லை. அக்காவும் அதற்குப் பிறகு எந்தக் கூட்டத்துக்கும் போகவில்லை. அவரைக் கொண்டுபோய் வாசலில் இறக்கிவிட்டு, காருக்குள் இருந்து ரேடியோ கேட்பாள். நல்ல விஷயம் ஒன்றைச் செய்கிறவரின் வீட்டில் அது எப்படிப் போய் இறங்குகிறது என்று வெளியே இருந்து கை தட்டுகிறவர்கள் யோசிப்பதில்லை. நானும் கை தட்டினவள்தான்.

ஆண்டுதோறும் நடக்கும் எங்கள் ஆட்களின் உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டியில்தான் அது நடந்தது. பல ஊர்ப் பெயர்களில் அணிகள், கொத்துரொட்டிக் கடை, ஒலிபெருக்கியில் வர்ணனை. இறுதியாட்டம். ஒரு அணியின் கோல்காப்பாளர் ஒரு இளைஞர். அகதியாகப் படகில் வந்தவர், டண்டினோங் பக்கம் ஒரு கோழி இறைச்சித் தொழிற்சாலையில் வேலை, தற்காலிக விசா. அந்த ஆண்டு அணி இறுதிக்கு வந்ததே அவருடைய கைகளால்தான். பந்தைப் பிடிக்கக் காலடியில் பாய்ந்தபோது ஓடி வந்தவனின் முழங்கால் அவருடைய நெற்றிப்பொட்டில் இடித்தது. அப்படியே கிடந்தார். தண்ணீர் ஊற்றினார்கள். எழும்பினார், கைகாட்டினார், கூட்டம் ஆரவாரித்தது. நான் திரும்பிப் பார்த்தபோது பக்கத்துக் கதிரையில் அத்தான் இல்லை. கறுப்புக் கண்ணாடியோடு மைதானத்துக்குள் நேரே நடந்துகொண்டிருந்தார்.

அவர் அந்த இளைஞரிடம் தாழ்ந்த குரலில் கேட்டாராம்: "தம்பி, இப்ப ஸ்கோர் என்ன?" "ஒண்டுக்கு ஒண்டு, அண்ணை." அது முதல் பாதியின் ஸ்கோர். அதற்குப் பிறகு இரண்டு கோல்கள் விழுந்துவிட்டன. "வெளிய வாரும்" என்றார் அத்தான். இளைஞர் மறுத்தார். அணித்தலைவர் ஓடி வந்தார், நடுவர் விசிலை ஊதினார், அத்தான் விசில் சத்தத்துக்குக் காதைப் பொத்தினார், ஆனால் நகரவில்லை. கடைசியில் கோல் கம்பத்தடியில் சாய்ந்து புல்லில் உட்கார்ந்துவிட்டார். இளைஞர் வெளியே போனால்தான் தானும் போவதாகச் சொல்லிவிட்டார். ஒலிபெருக்கி "தயவுசெய்து மைதானத்தை விட்டு வெளியேறவும்" என்று திரும்பத் திரும்பச் சொன்னது. கூட்டத்திலிருந்து சொற்கள் பறந்தன. எங்களுக்குப் பின்னால் ஒருவர், "விசருக்கு மைக்கைக் குடுத்துப் பழக்கினா இப்பிடித்தான்" என்றார். அக்கா எழும்பினாள். அந்த ஆளோடு சண்டைக்குப் போகிறாள் என்று நான் அவளுடைய கையைப் பிடித்தேன். அவள் கையை விடுவித்துக்கொண்டு, கைப்பையைத் தோளில் மாட்டி, கோட்டைத் தாண்டி மைதானத்துக்குள் இறங்கினாள். ஈரப் புல்லில் செருப்பு வழுக்க வழுக்க அவ்வளவு தூரமும் நடந்துபோய், அத்தானுக்குப் பக்கத்தில், கோல் வலைக்கு முன்னால் உட்கார்ந்தாள். முழங்காலைக் கட்டிக்கொண்டு கூட்டத்தைப் பார்த்தாள். ஒலிபெருக்கி நின்றுபோனது.

இளைஞர் வெளியே வந்தார். வந்து கோட்டோரத்தில் வாந்தி எடுத்தார். ஒரு முன்வரிசை விளையாட்டுக்காரன் கையுறையை மாட்டிக்கொண்டு கோலுக்குள் நின்றான். அவர்கள் தோற்றார்கள். இளைஞரை நான் வைத்தியசாலைக்குக் கூட்டிப்போனேன். வழி நெடுக, "ஹொஸ்பிட்டல் வேண்டாம் அக்கா, விசாவில ஏதும் பிழை வந்திடும்" என்று கெஞ்சிக்கொண்டே வந்தார். அங்கே சோதித்துப் பார்த்துவிட்டு, மூளை குலுங்கியிருக்கிறது, வேறொன்றும் இல்லை, ஓய்வு எடுக்க வேண்டும் என்று சொல்லி அனுப்பினார்கள். சில கிழமைகளில் அவர் முன்போல ஆனார். ஊர் அதைப் பிடித்துக்கொண்டது. "ஒண்டுமில்லையெண்டுதானே டொக்டர் சொன்னவர்? அதுக்குப் போய் ஒரு கப்பைத் துலைச்சம்" என்றார்கள். கடையில் கண்டால் அத்தானுக்கு முகத்தைத் திருப்பினார்கள். அவர் கோபப்படவில்லை. நான்தான் கொதித்தேன். அதைப் பற்றி நான் இன்றும் யோசிப்பதுண்டு. நடந்த விபத்துக்கு ஆயிரம் சாட்சி வரும். நடக்காமல் போன விபத்துக்கு யார் வந்து சாட்சி சொல்வார்கள்? அந்த இளைஞர் தொடர்ந்து நின்றிருந்தால், இன்னொரு முழங்கால் பட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யாருக்கும் தெரியாது. ஒன்றும் ஆகாமலும் போயிருக்கலாம். அத்தானுடைய வேலையே அதுதான். சரியாகச் செய்தால் காட்டுவதற்கு எதுவும் மிஞ்சாது.

அடுத்த ஆண்டு சுற்றுப்போட்டிக் குழுவிலிருந்து ஒருவர் வீட்டுக்கு வந்தார். மன்னிப்பு என்ற சொல் வரவில்லை. தேநீர் குடித்துவிட்டு, கோட்டோரம் நின்று பார்க்க ஒரு ஆள் வேண்டும் என்று குழு நினைக்கிறது, அத்தான் வர முடியுமா என்று கேட்டார். "விசில் சத்தம் எனக்குச் சரிவராது. கண்டதை அரை மணித்தியாலத்தில மறந்தாலும் மறந்திடுவன். என்னை நம்பி விடாதேங்கோ" என்றார் அத்தான். வந்தவர் எழும்பப் போனார். "நான் வாறன்" என்றாள் அக்கா. அத்தான் அவளைப் பார்த்தார். நான் அவளைப் பார்த்தேன். "என்ன பாக்கிறியள்? அடிபட்ட ஆள் எப்பிடி முழிக்கும் எண்டு என்னை விட ஆருக்குத் தெரியும்?" அதற்கான பயிற்சிக்குப் போனாள், சோதனை எழுதினாள். அன்றிலிருந்து ஆரஞ்சு நிற மேற்சட்டையோடு அவள்தான் கோட்டோரத்தில்.

ஆண்டுகள் ஓடிவிட்டன. அத்தான் இப்போது மேடைகளில் பேசுவதில்லை. நல்ல நாட்களும் இருக்கின்றன, என் பெயர் உடனே வராமல் "மச்சாள்" என்பதோடு சமாளிக்கும் நாட்களும் இருக்கின்றன. ஒருமுறை கேட்டேன், இந்த விளையாட்டுக்கே போகாமல் இருந்திருக்கலாம் என்று நினைப்பாரா என்று. "சீச்சீ. திரும்பவும் விளையாடுவன். அந்தப் பந்து கையை விட்டுப் போகேக்க வாற சந்தோசம் உங்களுக்கு விளங்காது" என்றார்.

போன சுற்றுப்போட்டியில் பெண்களின் ஆட்டம். அவர்களுடைய மகள் இப்போது பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள், நடுக்களத்தில் நின்று ஓடி ஓடி விளையாடுகிறவள். நானும் அத்தானும் சத்தத்துக்குத் தள்ளி, ஒரு மரத்தடியில் மடிக்கிற கதிரைகளைப் போட்டு இருந்தோம். அவர் காதில் சத்தம் தடுக்கும் கருவி. ஆட்டம் முடியச் சொற்ப நேரம், சமநிலை. மூலையிலிருந்து வந்த பந்துக்கு இரண்டு பேர் எழும்பினார்கள், தலையும் தலையும் மோதின. ஒருத்தி உடனே எழும்பினாள். மற்றவள் கொஞ்சம் பிந்தி எழும்பினாள். அது மகள். எழும்பியவள் ஒரு அடி பக்கவாட்டில் வைத்து, பிறகு நேரானாள். வேறு யாரும் அந்த அடியைக் கவனித்திருக்க மாட்டார்கள். கோட்டோரத்தில் ஆரஞ்சுச் சட்டைக்குள் இருந்து ஒரு கை உயர்ந்தது.

"ஐம் ஃபைன், அம்மா!" மகள் கத்தியது எங்களுக்கே கேட்டது.

அக்கா மைதானத்துக்குள் போனாள். முகத்துக்கு நேரே குனிந்து ஏதோ கேட்டாள், மகள் ஏதோ சொன்னாள். சரியான பதில் சொன்னாளா, பிழையான பதில் சொன்னாளா என்று தெரியாது. "வெளிய வா, பிள்ளை" என்றாள் அக்கா. நான் கூட்டத்தைப் பார்த்தேன். யாராவது ஏதாவது சொல்வார்கள் என்று நானே காத்திருந்தேன். கொத்துரொட்டி கொத்துகிற சத்தம் மட்டும்தான் கேட்டது. நடுவர் பந்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு பொறுமையாக நின்றார். மாற்று விளையாட்டுக்காரி கோட்டருகே வந்து கால்களை உதறினாள்.

மகள் எங்களிடம் வந்து, தகப்பனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு புல்லில் இருந்தாள். நான் தண்ணீர்ப் போத்தலை நீட்டினேன். வாங்கவில்லை. ஆட்டம் தொடங்கியது. தலை சுற்றுகிறதா என்று கேட்டேன். இல்லை என்று தோளைக் குலுக்கினாள். ஆட்டம் முடிந்ததும் அக்கா அவளை டொக்டரிடம் கூட்டிப்போவாள் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். அத்தான் காதிலிருந்த கருவியைக் கழற்றி மடியில் வைத்தார்.

"கோவமோ?"

"யெஸ்."

சொல் தேடுகிறார் என்று நினைத்தேன். தேடவில்லை.

"எனக்கும் கோவம்தான்."

"யூ? வை?"

"என்னை ஒருத்தரும் வெளிய எடுக்கேல்ல."

அவள் திரும்பித் தகப்பனைப் பார்த்தாள். அவர் மைதானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் காலை மடித்து, குனிந்து, சப்பாத்து நாடாவை அவிழ்க்கத் தொடங்கினாள்.